நீதியரசர் எட்வர்டு கோக்

கொலை செய்தான் என்று ஒருவன்மீது வழக்கு நடக்கின்றது. சாட்சிகள் பேசுகின்றனர், ஜூரிகள் அவன் குற்றவாளியே என்கின்றனர், நீதிபதி மரண தண்டனை விதிக்கின்றார், அவனும் தூக்கிலிடப்படுகின்றான். சில காலம் சென்றபின் அவனுக்காக ஒருவர் எழுகின்றார். இறந்தவன் குற்றமற்றவன் என்றும், நீதிபதியும் ஜூரிகளும் சாட்சிகளும் கூடிச் சதி செய்து அவனைக் கொன்றுவிட்டனர் என்றும் கூறி, அந்த நீதிபதியின்மீதே வழக்குத் தொடுக்கின்றார். இவ்வழக்கை ஏற்கலாமா? ஏற்றால், இனி எந்த நீதிபதி அஞ்சாமல் தீர்ப்புக் கூறுவார்? ஏற்காவிடின், உண்மையிலேயே தீயவர் ஒருவர் நீதிபீடத்தில் அமர்ந்துவிட்டால் அவரைக் கேட்பார் யார்?

இது கற்பனை வினா அன்று. 1607ஆம் ஆண்டில் இங்கிலாந்து நாட்டில் மெய்யாகவே எழுந்த வினா. அதற்கு விடை கூறிய நீதிபதிகளுள் தலைசிறந்தவர் சர் எட்வர்டு கோக். கோக் என்று நாம் எழுத்தைப் பார்த்துப் படிக்கின்றோம். அவர் நாட்டார் குக் என்றே ஒலிப்பர். குற்றஞ்சாட்டும் அரசு வழக்கறிஞராகவும், தீர்ப்புக் கூறும் நீதிபதியாகவும், நீதிபதிகளையே விசாரித்த பாராளுமன்ற உறுப்பினராகவும், இறுதியில் சிறைக்கைதியாகவும் இருந்து, நீதிமன்றத்தின் எல்லாப் பக்கங்களையும் கண்டவர் அவர். அவ்வளவையும் கண்ட மனிதர் வேறொருவரைக் காட்டுதல் அரிது.

கோக் 1552ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் முதல் நாளில், இங்கிலாந்தின் கிழக்கே உள்ள நார்ஃபோக் மாவட்டத்தில் மைல்ஹாம் என்னும் ஊரில் பிறந்தார். தந்தையாரும் வழக்கறிஞரே. மகனுக்கு ஒன்பது வயது நடக்கும்போது அவர் காலமானார். நாரிச் நகரப் பள்ளியிலும், பின்னர்க் கேம்பிரிட்ஜில் டிரினிட்டிக் கல்லூரியிலும் கோக் பயின்றார். பட்டம் பெறாமலே கல்லூரியை விட்டு, இலண்டனுக்குச் சென்று சட்டம் கற்றார். 1578இல் வழக்கறிஞர் ஆனார். அக்காலத்து ஆங்கிலச் சட்டம் ஒரு நூலில் அடங்கியதன்று. பழைய தீர்ப்புகள், பழைய சாசனங்கள், பழைய வழக்கங்கள் எனப் பல இடங்களில் சிதறிக் கிடந்தது. கோக் விடியுமுன் எழுந்து அவற்றைப் படித்தார். கேட்ட வழக்குகளையெல்லாம் குறித்து வைத்தார். அக்குறிப்புகளே பின்னாளில் பல தொகுதிகளாக வெளிவந்து, சட்டம் பயில்வார்க்கு நெடுங்காலம் கைந்நூலாய் விளங்கின.

எலிசபெத்து அரசியார் அவருடைய திறமையை அறிந்தார். 1593இல் கோக் மக்கள் சபையின் தலைவரானார். அடுத்த ஆண்டு, அட்டர்னி ஜெனரல் எனப்படும் அரசுத் தலைமை வழக்கறிஞர் பதவி அவருக்குக் கிடைத்தது. அப்பதவியை விரும்பி அலைந்து ஏமாந்தவர் ஒருவர் இருந்தார். அவரே பிரான்சிஸ் பேக்கன் என்னும் பேரறிஞர். இருவருக்கும் அன்று மூண்ட பகைமை ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் ஓயவில்லை. கோக்கின் முதல் மனைவியார் 1598இல் இறந்தபின், பேக்கன் மணக்க விரும்பிய செல்வச் சீமாட்டியான எலிசபெத்து ஹாட்டனையும் கோக்கே மணந்துகொண்டார் என்றால் அப்பகைமையின் ஆழம் நமக்கு விளங்கும்.

அரசு வழக்கறிஞராகக் கோக் நடந்துகொண்ட முறையைப் புகழ்ந்து எழுத நமக்கு மனம் வரவில்லை. அக்காலத்தில் இராசத்துரோகக் குற்றம் சாட்டப்பட்டவனுக்கு வழக்கறிஞர் வைத்துக்கொள்ள உரிமை இல்லை. குற்றச்சாட்டின் நகலும் அவன் கைக்கு வாராது. இவ்வுரிமைகளைச் சட்டம் வழங்கியது 1696இல்தான். ஒருபுறம் அரசின் வலிமை அனைத்தும் திரண்டு நிற்க, மறுபுறம் சிறையில் வாடிய ஒரு மனிதன் தன்னந்தனியே நின்று வாதிட வேண்டும். அப்படி நின்றவருள் ஒருவர் சர் வால்ட்டர் இராலி.

இராலி புகழ்பெற்ற கடலோடி, கவிஞர், எலிசபெத்து அரசியாரின் அன்புக்கு உரியவராய் இருந்தவர். அரசியார் 1603இல் மறைந்தார்; முதலாம் ஜேம்ஸ் மன்னரானார். இராலியின் நிலை தாழ்ந்தது. புதிய மன்னரை நீக்கிவிட்டு ஆர்பெல்லா ஸ்டூவர்ட்டு என்னும் அரசகுலப் பெண்ணை அரியணையில் ஏற்றச் சதி செய்தார் என்று அவர்மீது குற்றம் சாட்டப்பட்டது. இலண்டனில் அப்போது கொள்ளைநோய் பரவியிருந்தமையால், வின்செஸ்டர் நகரில் 1603ஆம் ஆண்டு நவம்பரில் விசாரணை நடைபெற்றது.

இராலிக்கு எதிரான பெருஞ்சான்று யாது? காபம் பிரபு என்பவர் காவலில் இருந்தபோது கொடுத்த வாக்குமூலமே. அதனையும் அவர் ஒருமுறை கொடுப்பதும் பின்பு மறுப்பதுமாக இருந்தார். அந்தக் காபம் பிரபுவை என் முகத்திற்கு நேரே கொண்டுவந்து நிறுத்துங்கள்; அவர் என்னைப் பார்த்து இதனைக் கூறினால் நான் குற்றத்தை ஒப்புக்கொள்கின்றேன் என்னும் கருத்துப்பட இராலி மன்றாடினார். காபம் பிரபு அவ்வேளையில் அரசின் காவலில்தான் இருந்தார். அழைத்து வருதல் எளிது. ஆயினும் நீதிபதிகள் இசையவில்லை. எழுதிய தாள் படிக்கப்பட்டது, எழுதியவர் வரவில்லை. வாதிட எழுந்த கோக்கோ, சான்றுகளைக் காட்டியதைவிட வசைமொழி பொழிந்ததே மிகுதி. நச்சுப்பாம்பு என்றும் நாத்திகன் என்றும் அவர் இராலியை ஏசினார். கேட்டிருந்தோர் முகம் சுளித்தனர். காலையில் இராலியை வெறுத்தவர்களாய் மன்றத்தினுள் நுழைந்த பலர், மாலையில் அவர்பால் இரக்கம் கொண்டவர்களாய் வெளியேறினர். ஜூரிகள் மட்டும் கால்மணி நேரத்திற்குள் குற்றவாளி என்று கூறிவிட்டனர்.

இராலி உடனே கொல்லப்படவில்லை. பதின்மூன்று ஆண்டுகள் இலண்டன் கோட்டைச் சிறையில் இருந்தார், வெளியே வந்து தென் அமெரிக்காவுக்குப் பொன் தேடிச் சென்றார், வெறுங்கையோடு திரும்பினார். 1618ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்களில், அந்தப் பழைய 1603ஆம் ஆண்டுத் தீர்ப்பின்படியே அவர் தலை வெட்டப்பட்டது. அந்த விசாரணைக்காகக் கோக்கை எவரும் கேள்வி கேட்கவில்லை. கேட்கும் வழியே சட்டத்தில் இல்லை. அரசுக்காக வழக்காடும் ஒருவர் அரசர் ஒருவருக்கே விடையிறுக்க வேண்டியவர். அரசரோ அவர்மீது மகிழ்ச்சியாய் இருந்தார். வெடிமருந்துச் சதிகாரர்களையும் 1606இல் கோக் மன்றத்தில் நிறுத்தித் தண்டனை வாங்கித் தந்தார். அவ்வாண்டிலேயே பொது வழக்கு மன்றத்தின் தலைமை நீதிபதியாய் உயர்ந்தார்.

நீதிபீடத்தில் அமர்ந்ததும் கோக் வேறொரு மனிதரானார். அரசரின் ஆளாய் இருந்தவர் சட்டத்தின் ஆளாய் மாறினார். இம்மாற்றம் எங்ஙனம் நிகழ்ந்தது என்பதை வரலாற்று ஆசிரியர்கள் பலவாறு ஆராய்ந்துள்ளனர். பதவிக்கு ஏற்பக் கடமையை உணர்ந்தார் என்பர் சிலர். எந்தப் பதவியில் இருந்தாலும் அதன் அதிகாரத்தைப் பெருக்குவதே அவர் இயல்பு என்பர் வேறு சிலர். இரண்டிலும் உண்மை உண்டு என்றே தோன்றுகின்றது.

தொடக்கத்தில் நாம் கண்ட வழக்கு இப்போதுதான் வந்தது. வேல்ஸ் நாட்டைச் சேர்ந்த ஆங்கிள்சி மாவட்டத்தில் கொலைக் குற்றத்திற்காக ஒருவன் தண்டிக்கப்பட்டு இறந்தான். தீர்ப்பளித்தவர் பார்க்கர் என்னும் நீதிபதி. அவர்மீதும், குற்றம் சாட்டிய ஜூரிகள் முதலியோர்மீதும் ஃபிளாய்டு என்பவர் சதி வழக்குத் தொடுத்தார். அவ்வழக்கு ஸ்டார் சேம்பர் என்னும் மன்றத்தின் முன் வந்தது. கூரையில் விண்மீன்கள் தீட்டப்பட்டிருந்த அறையில் கூடியமையால் அம்மன்றம் இப்பெயர் பெற்றது என்பர். மன்னரின் ஆலோசகர்களும் பெரிய நீதிபதிகளும் அதில் அமர்வர்.

கோக்கும் மற்ற நீதிபதிகளும் ஆராய்ந்து கூறிய முடிவு இது: நீதிபதி, நீதிபதியாய் அமர்ந்து மன்றத்தில் செய்த செயலுக்காக அவர்மீது வழக்குத் தொடுத்தல் கூடாது. குற்றம் சாட்டிய ஜூரிகளும், சான்று பகர்ந்தோரும், எதிரி குற்றவாளியெனத் தீர்ப்பான பின்பு, சதிகாரர் என்று இழுக்கப்படுதல் கூடாது. காரணமும் காட்டினர். வழக்கில் தோற்றவர் ஒவ்வொருவரும் நீதிபதியைக் குறைகூறி அடுத்த வழக்கைத் தொடங்கினால், வழக்குக்கு முடிவே இராது. அந்த நீதிபதியை விசாரித்த நீதிபதியின்மீதும் மற்றொரு வழக்கு வரும். நேர்மையாளரே பெரிதும் பழிக்கு ஆளாவர். ஏனெனில், வலியாரை எதிர்த்துத் தீர்ப்புக் கூறுபவர் அவர்களே அல்லரோ?

இக்காப்பு நீதிபதி என்னும் மனிதருக்கு அளித்த சலுகை அன்று; அவர் அமர்ந்திருக்கும் பீடத்திற்கு அளித்தது. ஆதலின் அதற்கு ஓர் எல்லையும் வகுத்தனர். மன்றத்திற்கு வெளியே, வழக்கு வருமுன்னரே, ஒருவனைக் கெடுக்க வேண்டும் என்று நீதிபதி பிறரோடு சதி செய்திருந்தால், அது நீதிபதியின் செயலாகாது. அதற்குக் காப்பும் இல்லை. கைக்கூலி வாங்குதலும் இத்தீர்ப்பின் நிழலில் ஒதுங்க முடியாது. வேலியே பயிரை மேயும் இடங்களுக்கு வழி திறந்தே இருந்தது.

இத்தீர்ப்பின் வித்து உலகின் பல நாடுகளில் முளைத்தது. அமெரிக்க உச்சநீதிமன்றம் 1872இல் நீதிபதிகளுக்கு இக்காப்பை உறுதி செய்தது; 1976இல், வழக்குத் தொடுத்து மன்றத்தில் நடத்தும் அரசு வழக்கறிஞர்களுக்கும் இதனை விரித்தது. இந்தியாவில் நீதித்துறை அலுவலரைக் காக்கும் சட்டம் 1850இல் இயற்றப்பட்டது. இராலியைக் குற்றக் கூண்டில் நிறுத்தி ஏசிய கோக்கை எண்ணும்போது, அரசு வழக்கறிஞருக்கும் இத்தகைய காப்பு தகுமோ என்று ஐயுறத் தோன்றுகின்றது. அவ்வையம் இன்றும் அறிஞரிடையே தீரவில்லை.

கோக்கின் தீர்ப்பில் ஒரு குறை இருந்தது. நீதிபதி யாருக்கும் விடையிறுக்க வேண்டியதில்லையா? கடவுளுக்கும் மன்னருக்கும் மட்டுமே என்றது தீர்ப்பு. கடவுளுக்கு என்பது சரி. மன்னரே தவறு செய்யும்படி நீதிபதியைத் தூண்டினால்? இக்கேள்வியைக் கோக் அப்போது எழுப்பவில்லை. ஒன்பது ஆண்டுகளில் அதுவே அவரைத் தேடி வந்தது.

ஜேம்ஸ் மன்னர் கல்வியறிவு மிக்கவர்; தம் அறிவில் பெருமிதமும் மிக்கவர். நீதிபதிகள் தம் பேராளர்களே ஆதலால், தாம் விரும்பிய வழக்கைத் தாமே விசாரித்துத் தீர்க்கலாம் என்று அவர் கருதினார். 1607ஆம் ஆண்டு நவம்பரில் கோக் அதனை மறுத்தார். மன்னர் பேரறிவு படைத்தவரே. ஆயினும் குடிமக்களின் உயிரையும் உடைமையையும் பற்றிய வழக்குகள் இயற்கை அறிவினால் மட்டும் தீர்க்கப்படுவன அல்ல. நெடுங்காலப் பயிற்சியால் வரும் சட்ட அறிவினால் தீர்க்கப்படுவன என்றார். மன்னர் எந்த மனிதருக்கும் கீழ்ப்பட்டவர் அல்லர். ஆனால் கடவுளுக்கும் சட்டத்திற்கும் கீழ்ப்பட்டவர் என்றும் கூறினார். மன்னர் சினந்தெழுந்தார். கோக் தம் நூலில் இந்நிகழ்ச்சியை வீரம் தோன்ற எழுதியுள்ளார். அக்காலத்துக் கடிதமொன்றோ, அவர் அச்சத்தால் தரையில் வீழ்ந்து மன்னிப்பு வேண்டினார் என்று கூறுகின்றது. வீழ்ந்தாரோ இல்லையோ, சொல்லிய சொல்லை அவர் திரும்பப் பெறவில்லை.

1610இல் மருத்துவர் பான்ஹாம் என்பவரின் வழக்கு வந்தது. இலண்டன் மருத்துவக் கழகத்தார் தம் இசைவின்றி மருத்துவம் செய்தார் என்று அவருக்கு அபராதம் விதித்துச் சிறையிலும் அடைத்தனர். அபராதத்தில் ஒரு பாதி கழகத்திற்கே சேரும்! தன் வழக்கில் தானே நீதிபதியாதல் எவருக்கும் ஆகாது என்று கூறிக் கோக் பான்ஹாமுக்குச் சார்பாகத் தீர்ப்பளித்தார்.

மன்னரின் பொறுமை குறைந்து வந்தது. பேக்கனின் யோசனைப்படி 1613இல் கோக்கை மன்னர் மன்றத்திற்கு மாற்றினர். பதவி உயர்வு, வருவாயோ குறைவு. பேக்கன் அட்டர்னி ஜெனரல் ஆனார். 1614இல் பீச்சம் என்னும் முதிய பாதிரியாரின் வீட்டில், மன்னரை இழித்து எழுதிய சமயச் சொற்பொழிவு ஒன்று அகப்பட்டது. அது எங்கும் பேசப்படாதது. பாதிரியாரைச் சித்திரவதை செய்து வினவினர். பேக்கனும் உடன் இருந்தார். வழக்கு மன்றத்திற்கு வருமுன்னரே நீதிபதிகளைத் தனித்தனியே சந்தித்துக் கருத்துக் கேட்க மன்னர் ஆணையிட்டார். நீதிபதிகளை இவ்வாறு தனித்தனியே பிரித்துக் கேட்டல் முறையன்று என்று கோக் எதிர்த்தார். 1615இல் சர் தாமஸ் ஓவர்பரி என்பவர் சிறையில் நஞ்சூட்டிக் கொல்லப்பட்ட செய்தி வெளியாயிற்று. குற்றம் மன்னரின் அன்புக்குரிய சாமர்செட்டுப் பிரபுவையும் அவர் மனைவியையும் சுட்டியது. கோக் அஞ்சாது துருவி ஆராய்ந்தார். ஏவலராய் இருந்தோரும் கோட்டைச் சிறையின் தலைவரும் தூக்கிலிடப்பட்டனர். பிரபுவும் மனைவியும் குற்றவாளிகள் என்றே தீர்ப்பாயிற்று; மன்னர் அவர்களை உயிரோடு விட்டார். ஏவியவர் பிழைக்க, ஏவப்பட்டவர் இறந்தனர்.

1616ஆம் ஆண்டு பிறந்தது. ஒரு பிஷப்புக்குக் கூடுதலாக மற்றொரு திருச்சபை மானியத்தை வழங்கிய மன்னரின் அதிகாரம் பற்றி வழக்கொன்று நடந்துகொண்டிருந்தது. தம்மைக் கலந்து பேசும்வரை அவ்வழக்கை நிறுத்தி வைக்குமாறு மன்னர் பேக்கன் வாயிலாகச் சொல்லியனுப்பினார். பன்னிரு நீதிபதிகளும் ஒருங்கே கையெழுத்திட்டு மறுமொழி எழுதினர். மன்னரிடமிருந்தே கடிதம் வரினும் நீதியைத் தாழ்த்தோம் என்று சத்தியம் செய்து பதவி ஏற்றவர்கள் தாங்கள் என்றும், ஆதலால் வழக்கை நடத்தினோம் என்றும் அதில் தெரிவித்தனர்.

ஜூன் 6ஆம் நாள் மன்னர் அவர்களை அழைத்தார். கடிதத்தைத் தம் கையாலேயே கிழித்ததாகவும் கூறுவர். பன்னிருவரும் மண்டியிட்டு, எழுதிய முறைக்காகப் பொறுத்தருள வேண்டினர். மன்னர் அவ்வளவில் விடவில்லை. இனி இத்தகைய வழக்கில் நிறுத்துக என்று நாம் பணித்தால் நிறுத்துவீரா என்று ஒவ்வொருவரையும் தனித்தனியே வினவினார். பதினொருவர் நிறுத்துவோம் என்றனர். கோக்கின் முறை வந்தது. அத்தகைய வழக்கு வரும்போது, ஒரு நீதிபதி செய்யத் தக்கது எதுவோ அதனைச் செய்வேன் என்னும் அளவிலே அவர் விடை அமைந்தது. அம்மாதமே அவர் பணியிலிருந்து விலக்கி வைக்கப்பட்டார். தாம் எழுதிய தீர்ப்புத் தொகுதிகளைத் திருத்தி வருமாறு பணிக்கப்பட்டார். நவம்பரில் பதவி பறிக்கப்பட்டது. வழக்கில் தோற்ற குடிமகன் தொட முடியாத நீதிபதியை மன்னரின் ஓர் ஆணை வீட்டுக்கு அனுப்பியது. மன்னரின் விருப்பம்போல் நீதிபதியை நீக்க இயலாது, நன்னடத்தை உள்ளவரை அவர் பதவியில் இருப்பார், பாராளுமன்றத்தின் இரு சபைகளும் வேண்டினாலே நீக்கலாம் என்னும் சட்டம் இங்கிலாந்தில் வந்தது 1701இல்தான்.

இதற்குப்பின் கோக் செய்த ஒரு செயல் அவர் புகழுக்கு மாசு. இழந்த செல்வாக்கை மீண்டும் பெற வேண்டி, மன்னரின் உள்ளம் கவர்ந்த பக்கிங்ஹாம் பிரபுவின் உடன்பிறந்தாருக்குத் தம் இளம் மகளை மணமுடிக்க முனைந்தார். தாய் மகளை ஒளித்து வைத்தார். கோக் தம் ஆட்களுடன் சென்று, கதவை உடைத்து, மகளைக் கைப்பற்றி வந்தார். 1617இல் திருமணம் நடந்தது. மனை வாழ்வு கசந்தது. அவருக்குப் பிரிவி கவுன்சிலில் இடம் கிடைத்தது, நீதிபீடம் கிடைக்கவில்லை.

1621இல் கோக் பாராளுமன்றத்திற்குச் சென்றார். வயது அறுபத்தொன்பது. இங்கேதான், நீதிபதியைக் கேட்பார் யார் என்னும் வினாவிற்கு மற்றொரு விடை கிடைத்தது. நெடுங்காலத்திற்கு முன்னர் இங்கிலாந்தில் ஒரு முறை இருந்தது. அரசின் பெரிய அலுவலர்கள்மீது மக்கள் சபை குற்றம் சாட்டும். பிரபுக்கள் சபை விசாரித்துத் தண்டிக்கும். ஒன்றரை நூற்றாண்டுக்கு மேலாக அம்முறை வழக்கிழந்து கிடந்தது. பழஞ்சுவடிகளைத் துருவுவதில் வல்லவரான கோக் அதனை மீண்டும் உயிர்ப்பிப்பதில் முன்னின்றார். அப்போது நாட்டின் மிகப் பெரிய நீதிப் பதவியாகிய சான்சலர் பதவியில் இருந்தவர் யார்? பேக்கனே! வழக்கு நடக்கும்போதே வழக்காளிகளிடம் பரிசுப் பொருள் பெற்றார் என்று அவர்மீது இருபத்தெட்டுக் குற்றங்கள் சாட்டப்பட்டன. பேக்கன் அவற்றை ஒப்புக்கொண்டார். ஆயினும் பரிசுக்காக நீதியைத் திரித்ததில்லை என்றார். 40,000 பவுன் அபராதமும் சிறையும் விதிக்கப்பட்டன. இனி எப்பதவியும் வகிக்கலாகாது என்றும் தீர்ப்பாயிற்று. சிறையில் அவர் சில நாட்களே இருந்தார். அபராதத்தையும் மன்னர் வற்புறுத்தவில்லை. பதவி போனது போனதே.

பழம் பகையைத் தீர்த்துக்கொண்டார் கோக் என்று சொல்வாருளர். பகை இருந்தது உண்மை. ஆனால் சான்றுகளும் இருந்தன. குற்றவாளியின் ஒப்புதலும் இருந்தது. தனித்த ஒருவரின் சினத்தால் அன்றி, இரு சபைகளின் முன்னிலையில், குற்றங்களை எண்ணிக் காட்டி, மறுமொழி கூற இடமளித்து நடந்த விசாரணை அது. வின்செஸ்டரில் இராலிக்கு வாய்த்ததைக் காட்டிலும் இது மேலானதே.

அவ்வாண்டின் இறுதியில் மன்னருக்கும் மக்கள் சபைக்கும் பிணக்கு மூண்டது. சபையில் பேசும் பேச்சுக்காக உறுப்பினரைத் தண்டிக்க எவருக்கும் உரிமை இல்லை என்று சபை எழுதி வைத்தது. அதனை உருவாக்கியதில் கோக்குக்குப் பங்கு உண்டு. மன்னர் சபையின் குறிப்பேட்டை வரவழைத்து அப்பக்கத்தைத் தம் கையால் கிழித்தெறிந்தார். டிசம்பர் இறுதியில் கோக் சிறைப்பட்டார். எந்தக் கோட்டைக்கு எத்தனையோ பேரை அனுப்பினாரோ, அதே இலண்டன் கோட்டையில் அவரே அடைபட்டார். அவருடைய தாள்கள் கைப்பற்றப்பட்டு ஆராயப்பட்டன. குற்றம் என்று எதனையும் நிலைநாட்ட இயலவில்லை. ஏறத்தாழ எட்டுத் திங்கள் கழித்து, 1622ஆம் ஆண்டு ஆகஸ்டில் விடுதலை பெற்றார். பாராளுமன்றத்தில் பேசியதற்காக எந்த நீதிமன்றத்திலும் உறுப்பினர்மீது நடவடிக்கை எடுக்கலாகாது என்று நம் அரசியலமைப்பின் 105ஆம் பிரிவு கூறுகின்றதே, அதன் வேர் இத்தகைய போராட்டங்களில் இருக்கின்றது.

ஜேம்சுக்குப்பின் அவர் மைந்தர் முதலாம் சார்லசு 1625இல் அரியணை ஏறினார். கோக் பாராளுமன்றத்திற்கு வாராதபடி அவரைப் பக்கிங்ஹாம்ஷயரின் ஷெரீபாக நியமித்துவிட்டார்! ஷெரீபாய் இருப்பவர் தம் மாவட்டத்தை விட்டுச் சென்று சபையில் அமர முடியாது. பணமுடை மிகுந்த மன்னர் செல்வர்களிடம் கட்டாயக் கடன் கேட்டார். மறுத்தவர்களைச் சிறையிலிட்டார். 1627இல் அவர்களுள் ஐவர், எக்குற்றத்திற்காகச் சிறைவைத்தீர் என்று நீதிமன்றத்தில் கேட்டனர். மன்னரின் தனி ஆணை என்பதே விடையாக வந்தது. வேறு காரணம் கூறப்படவில்லை. நீதிபதிகள் அவர்களைப் பிணையில் விட மறுத்தனர்.

1628இல் எழுபத்தாறு வயதுக் கிழவராகக் கோக் மீண்டும் சபைக்கு வந்தார். காரணம் கூறாமல் எவரையும் சிறை வைத்தல் கூடாது என்று முழங்கினார். அப்போது அரசுத் தரப்பினர் ஒரு பழைய குறிப்பை எடுத்துக் காட்டினர். கோக் தலைமை நீதிபதியாய் இருந்தபோது, கவுன்சிலின் ஆணையால் காரணமின்றிச் சிறைப்பட்டவரை விடுவிக்க வேண்டியதில்லை என்று அவரே கூறியிருந்தார். சபை அவரை நோக்கியது. கோக் மழுப்பவில்லை. அன்று தாம் பிழையான வழிகாட்டியைப் பின்பற்றியதாகவும், பின்னர்ப் பழஞ்சட்டங்களை மேலும் கற்றுத் தெளிந்ததாகவும் ஒப்புக்கொண்டார். அவருடைய வாழ்வில் இராலி வழக்கை அறிந்து வருந்தும் நாம், இந்நிகழ்ச்சியையும் நினைவில் கொள்ளுதல் வேண்டும்.

அவர் முன்னின்று உருவாக்கிய உரிமை விண்ணப்பத்தை 1628ஆம் ஆண்டு ஜூன் 7ஆம் நாள் மன்னர் ஏற்றார். பாராளுமன்றத்தின் இசைவின்றி வரியோ கடனோ வாங்குதல், காரணம் காட்டாமல் சிறை வைத்தல், குடிமக்கள் வீடுகளில் படைவீரரைத் தங்க வைத்தல், அமைதிக் காலத்தில் குடிகளைப் படைச்சட்டத்தால் விசாரித்தல் ஆகிய நான்கும் சட்டத்திற்கு மாறானவை என அவ்விண்ணப்பம் அறிவித்தது. மன்னர் அதனை நெடுநாள் மதிக்கவில்லை. ஆனால் அது எழுதப்பட்டுவிட்டது.

கோக் ஸ்டோக் போஜஸ் என்னும் சிற்றூரில் இருந்த தம் இல்லத்திற்குச் சென்று, நூல்கள் எழுதுவதில் இறுதி ஆண்டுகளைக் கழித்தார். ஆங்கிலச் சட்டத்தை முறைப்படுத்தி நான்கு பகுதிகளாக எழுதினார். முதற்பகுதி 1628இல் வெளிவந்தது. மற்றவற்றை வெளியிடவிடாது மன்னர் தடுத்தார். 1634ஆம் ஆண்டு செப்டம்பர் 3ஆம் நாள், எண்பத்திரண்டாம் வயதில், கோக் உயிர் நீத்தார். அவர் இறுதி மூச்சு விட்டுக்கொண்டிருந்த நாட்களிலேயே அரசு அலுவலர்கள் வந்து, கையெழுத்துப் படிகளையும் கடிதங்களையும் அவருடைய விருப்ப ஆவணத்தையும்கூட எடுத்துச் சென்றனர்.

1641இல் பாராளுமன்றம் மீண்டும் வலிமை பெற்றது. ஸ்டார் சேம்பர் மன்றத்தை அது ஒழித்தது. கோக்கின் தாள்களை அவர் குடும்பத்தாரிடம் திருப்பித் தருமாறும் பணித்தது. எஞ்சிய மூன்று பகுதிகளும் 1642இலும் 1644இலும் அச்சேறின. அவற்றுள் மூன்றாம் பகுதி குற்றங்களையும் தண்டனைகளையும் பற்றியது. அரசு வழக்கறிஞராய் இருந்த காலத்தில், கைதிகளை வதைத்து வினவக் கவுன்சில் ஆணையிட்டபோது அவ்வினவலில் பங்கு கொண்டவர் கோக். அப்பகுதியிலே அவர், சித்திரவதை செய்வதற்கு இங்கிலாந்து நாட்டில் எச்சட்டமும் இடம் கொடுக்கவில்லை என்று எழுதியிருந்தார்.